புறப்புண் யாருக்கு அவமானம்?
ராஜ் கௌதமனின் எழுத்துகளை முன்வைத்து

ஒன்பதாம் வகுப்பில் தமிழய்யா புறநானூறு நடத்தினார். ஒரு கிழவி. அவள் மகன் போரில் முதுகைக் காட்டிச் செத்தான் என்று ஊரில் பேசிக்கொள்கிறார்கள். அது நிஜமானால் அவனுக்குப் பால் கொடுத்த மார்பை அறுத்துப் போடுவேன் என்று வாளோடு களத்துக்குப் போகிறாள். பிணங்களைப் புரட்டிப் பார்க்கிறாள். துண்டுதுண்டாகக் கிடக்கிற மகனைக் கண்டு, அவனைப் பெற்ற நாளைவிட அதிகமாகச் சந்தோஷப்படுகிறாள். "இதுதாண்டா தமிழன் வீரம். வெட்ட நெஞ்சுல வாங்கணும். முதுகுல வாங்குறவன் ஆம்பளையே இல்ல" என்றார் அய்யா. வகுப்பே கை தட்டியது. நானும் தட்டினேன்.

அந்த வருஷம்தான் எங்க பெரியப்பாவை ஊர்க்காரர்கள் அடித்தார்கள். ஊர்த் தெருவில் ஒரு இழவு. பறையடிக்க ஆள் விட்டார்கள். இனிமேல் அடிப்பதில்லை என்று எங்க தெருவில் கூடிப் பேசி முடிவு பண்ணியிருந்தார்கள். அந்த முடிவை ஊருக்குப் போய்ச் சொன்னவர் பெரியப்பா. கம்பும் சைக்கிள் செயினுமாகப் பத்துப் பன்னிரண்டு பேர் வந்தார்கள். பெரியப்பா ஓடினார். கம்மங்காட்டுக்குள் விழுந்து எழுந்து ஓடினார். அவர் பிழைத்தது அந்த ஓட்டத்தால்தான். ராத்திரி அவரைக் குப்புறப் படுக்கவைத்துப் பெரியம்மா நல்லெண்ணெயில் மஞ்சளைக் குழைத்துத் தடவினார். அரிக்கேன் லைட்டைப் பிடித்துக்கொண்டு நான் நின்றேன். காயமெல்லாம் முதுகில். அந்த நேரத்தில் எனக்குத் தமிழய்யாவின் குரல்தான் கேட்டது. கோபம் வரவில்லை, வெட்கம் வந்தது. இத்தனை வருஷம் கழித்து இதை எழுதும்போதும் கை கூசுகிறது.

அடி வாங்கியவர் எங்க வீட்டு ஆள். வெட்கப்பட்டவன் நான். அடித்தவனுக்கு வெட்கம் இல்லை. இந்தக் கணக்கு எப்படி வந்தது? கம்பு ஊர்க்காரனுடையது, சரி. அந்த வெட்கம் யாருடையது? யார் அதைக் கொண்டுவந்து எனக்குள் வைத்தார்கள்? இப்படிக் கேட்க எனக்குக் கற்றுத்தந்தவர் ராஜ் கௌதமன். அவரைப் பற்றி எழுத உட்கார்ந்தால் இந்த முதுகைத் தாண்டி என்னால் எழுத முடியவில்லை. இங்கிருந்தே தொடங்குகிறேன்.

1

ராஜ் கௌதமன் 1950இல் புதுப்பட்டியில் பிறந்தவர். அந்த ஊர் இப்போது விருதுநகர் மாவட்டத்தில் இருக்கிறது. புதுச்சேரி அரசுக் கல்லூரிகளில் தமிழ் சொல்லிக் கொடுத்தவர். 2024 நவம்பரில் மறைந்தார். அவர் இறந்த பிறகு ஆய்வாளர், நாவலாசிரியர், தலித் சிந்தனையாளர் என்று தனித்தனியாகப் பிரித்து அஞ்சலி செலுத்தினார்கள். எல்லாம் உண்மைதான். ஆனால் 'தலித் பண்பாடு' (1993), 'தலித் பார்வையில் தமிழ்ப் பண்பாடு' (1994), 'அறம் அதிகாரம்' (1997), 'பாட்டும் தொகையும் தொல்காப்பியமும் தமிழ்ச் சமூக உருவாக்கமும்' (2006), அதற்குப் பிறகு வந்த 'ஆகோள் பூசலும் பெருங்கற்கால நாகரிகமும்' இவற்றை அடுத்தடுத்து வைத்துப் படித்தால், ஒரே கேள்வி எல்லாவற்றுக்குள்ளும் ஓடுவதைப் பார்க்கலாம். வன்முறைக்கு நல்ல பெயர் எப்படிக் கிடைக்கிறது என்பதே அந்தக் கேள்வி. அவர் இந்தச் சொற்களில் கேட்கவில்லை. என் வாசிப்பில் அது இப்படித்தான் விழுகிறது.

ஆகோள் என்றால் என்ன? அடுத்தவன் மாட்டை ஓட்டிக்கொண்டு வருவது. இன்றைக்குப் போலீஸ் பாஷையில் மாட்டுத் திருட்டு. தொல்காப்பியம் அதை வெட்சித் திணை என்கிறது. வெட்சிப்பூவைச் சூடிக்கொண்டு ஓட்டினால் திணை, சூடாமல் ஓட்டினால் களவு! ஓட்டி வந்த மாட்டைப் பங்கு வைப்பதற்குப் பாதீடு என்று ஒரு துறை. குடித்துக் கொண்டாடுவதற்கு உண்டாட்டு என்று ஒரு துறை. செத்தவனுக்கு நடுகல், கல்லுக்கு மயில்பீலி, கள் படையல். தேனி மாவட்டம் புலிமான்கோம்பையில் 2006இல் கிடைத்த நடுகல்லில் தமிழ் பிராமி எழுத்தில் 'ஆகோள்' என்ற சொல்லே வெட்டியிருக்கிறது. பாட்டில் இருந்தது புலவனின் கற்பனை மட்டும் இல்லை என்பதற்குக் கல்லே சாட்சி.

இந்தப் பாட்டுகளைத் தமிழ்ப் பேராசிரியர்கள் வீரம் என்று கொண்டாடினார்கள். கைலாசபதி 1968இல் ஆங்கிலத்தில் எழுதிய நூலில் இவற்றை வீரயுகப் பாடல்கள் என்று வைத்துக் கிரேக்கம் முதலான பிற மொழி வீரப்பாடல்களோடு ஒப்பிட்டார். அது பெரிய வேலை. ராஜ் கௌதமன் அதற்கும் கீழே தோண்டினார். மாடு, இரும்பு, ஈமக்குழி, மேய்ச்சல் நிலம், தண்ணீர் என்று பொருளிலிருந்து பாட்டுக்கு வந்தார். மாடு பிடிக்கப் போன சிறு கூட்டங்களிலிருந்து, பகைவர் ஊரைக் கொளுத்திக் கழுதை ஏர் பூட்டி உழுகிற வேந்தர்கள்வரை ஒரு சமூகம் எப்படி நகர்ந்தது என்று பார்த்தார். ஒவ்வொரு கட்டத்திலும் பாட்டு என்ன வேலை செய்தது என்று கேட்டார்.

பாட்டு அலங்காரத்துக்கு இல்லை. சாகிறவனைச் சாகச் சம்மதிக்க வைக்க அது வேண்டும். கொன்றவன் வீட்டுக்கு வந்து நிம்மதியாகத் தூங்கவும் அது வேண்டும். கொளுத்தப்பட்ட ஊர்க்காரனுக்குப் புலவன் கிடையாது. அந்தத் தீ வென்றவனின் புகழில் ஒரு வரியாக மிஞ்சியிருக்கிறது, அவ்வளவுதான். வன்முறையைத் தனியாக, பண்பாட்டைத் தனியாகப் படிக்க முடியாது என்று நான் புரிந்துகொண்டது இவரிடம்தான். "நம்ம பண்பாடு உயர்ந்தது, அங்கங்க சில கொடுமை நடந்திருக்கு" என்று மேடையில் பேசுகிறவர்களுக்கு இந்தப் புத்தகங்கள் கசக்கும்.

2

இப்போது முதுகுக்கு வருகிறேன்.

வெண்ணிப் பறந்தலையில் கரிகாலனோடு நடந்த போரில் சேரமான் பெருஞ்சேரலாதனுக்கு முதுகில் புண் பட்டது. அந்த வெட்கத்தில் அவன் வடக்கிருந்து உயிரை விட்டான். புறநானூற்றில் இதற்கு அடுத்தடுத்து இரண்டு பாட்டு இருக்கிறது. ஒன்றைப் பாடியவர் வெண்ணிக் குயத்தியார் என்கிற பெண். வென்ற கரிகாலனிடமே, உன்னைவிட அவன் நல்லவன் இல்லையா என்று கேட்கிறார்.

சரி, அரசன் வெட்கப்பட்டான். ஏன் என்றும் புரிகிறது. சண்டை அவனுடைய தொழில். நெஞ்சுப் புண் அவன் தொழிலின் அடையாளம். முதுகுப் புண் தொழிலில் ஏற்பட்ட தோல்வி. ஆனால் எங்க பெரியப்பாவுக்குச் சண்டை தொழில் இல்லை. கையில் வாளும் இல்லை, பின்னால் படையும் இல்லை. பத்துப் பன்னிரண்டு பேர் கம்போடு வரும்போது ஓடுவது அறிவு. தலைமுறை தலைமுறையாக நம்ம ஜனங்கள் ஓடித் தப்பித்துத்தான் பிள்ளை பெற்று வளர்த்திருக்கிறார்கள். ராத்திரியில் பிள்ளையின் வாயைப் பொத்திக்கொண்டு கரும்புத் தோட்டத்துக்குள் உட்கார்ந்திருந்த அம்மாக்களை எந்தத் திணையில் சேர்ப்பது? அதற்குத் தொல்காப்பியத்தில் பூவும் இல்லை, துறையும் இல்லை. கொல்வதைப் பிழைப்பாக வைத்திருந்தவன் தனக்காகச் செய்த அளவுகோலை, வெட்டுப்படுகிறவன் முதுகில் வைத்து அளக்கச் சொல்லிக் கொடுத்ததுதான் எங்க பள்ளிக்கூடம்.

இன்னொன்றும் பாருங்கள். புறநானூற்றின் 287ஆம் பாட்டு, துடி அடிக்கிறவனைப் புலையன் என்றும், முரசடிக்கக் கோல் பிடித்தவனை இழிசினன் என்றும் கூப்பிட்டுப் பேசத் தொடங்குகிறது. அம்பு மழை மாதிரி விழுந்தாலும் வீரர் பின்வாங்க மாட்டார் என்ற பெருமை அவனிடம்தான் சொல்லப்படுகிறது. அவன் அடிக்கிற தாளத்தில்தான் போரே நடக்கிறது. ஆனால் அவன் பெயர் இழிசினன். புகழ் வேண்டும், அதற்குத் தாளம் வேண்டும், தாளம் போடுகிறவன் மட்டும் இழிந்தவன். பெரியப்பா மறுத்தது இந்த வேலையைத்தான். அந்தப் பாட்டை அவர் படித்ததில்லை. ஆனால் எந்தப் பட்டங்களும் வாங்காமலே அவர் அதற்கு ஒரு மறுவாசிப்பு செய்துவிட்டார் என்று இப்போது நினைக்கிறேன்.

3

'அறம் அதிகாரம்' நூல் வந்தபோது பலருக்குக் கோபம் வந்தது. போரைத் திட்டு, தப்பில்லை. அறத்தை ஏன் தொடுகிறாய்? கொலை கூடாது, கள் கூடாது, புலால் கூடாது, கோபம் கூடாது என்று சொன்ன நூல்கள் வன்முறைக்கு எதிரானவைதானே?

ராஜ் கௌதமன் மார்க்சியத்தோடு பூக்கோவையும் படித்தவர். அதிகாரம் வாளோடு மட்டும் வராது, ஒழுக்கத்தோடும் வரும் என்பதை அவர் தமிழ் நூல்களில் வைத்துக் காட்டினார். வேந்தனும் உடைமைக்காரனும் நிலைபெற்ற பிறகு ஒவ்வொரு நாளும் வாள் எடுக்க முடியாது. அடங்குகிற உடம்பு வேண்டும். யார் உயர்ந்தவன், யார் தாழ்ந்தவன் என்று தனக்குத்தானே சொல்லிக்கொள்கிற மனசு வேண்டும். அறம் அதைச் செய்து கொடுத்தது.

குறளைத் திறந்து பாருங்கள். கொல்லாமை அதிகாரமும் அதில்தான் இருக்கிறது, படைச்செருக்கு அதிகாரமும் அதில்தான் இருக்கிறது. விழுப்புண் படாத நாளெல்லாம் வீணான நாள் என்று படைவீரனைக் கணக்குப் பார்க்கச் சொல்கிறது. கொடியவர்களை அரசன் கொல்வது பயிருக்குக் களை எடுப்பது மாதிரி என்கிறது. பொருட்பாலின் கடைசி அதிகாரம் கயமை. சான்றோர் கேட்டாலே உதவுவார், கீழானவனைக் கரும்பு மாதிரி நசுக்கினால்தான் பயன்படுவான் என்று அதில் ஒரு குறள். அது குணத்தைச் சொல்கிறது, பிறப்பைச் சொல்லவில்லை என்று வாதாடுவார்கள். இருக்கட்டும். ஊருக்கு வரும்போது 'கீழ்' என்ற சொல் எந்தத் தெருவுக்குப் போய்ச் சேர்ந்தது என்று கேட்க நமக்கு உரிமை இல்லையா?

1968 டிசம்பர் 25 இரவு கீழவெண்மணியில் ஒரு குடிசைக்குள் 44 பேர் எரிந்து செத்தார்கள். கீழ்க்கோர்ட்டு தண்டனை கொடுத்தது. உயர் நீதிமன்றம் விடுதலை செய்தது. பெரிய நிலக்காரர்கள், கார் வைத்திருப்பவர்கள், தாங்களே நடந்து போய்த் தீ வைத்திருப்பார்கள் என்பது நம்பும்படி இல்லை என்று தீர்ப்பு சொன்னது. மேன்மக்கள் இப்படிச் செய்ய மாட்டார்கள்! சட்டப் புத்தகத்தில் இல்லாத ஒரு பழைய அறநூல் அந்த நீதிமன்றத்தில் வாசிக்கப்பட்டிருக்கிறது.

'அறம் அதிகாரம்' வந்த அதே 1997இல், ஜூன் 30 அன்று, மேலவளவில் பஞ்சாயத்துத் தலைவர் முருகேசனையும் அவரோடு இருந்தவர்களையும் பஸ்ஸை மறித்து வெட்டினார்கள். தனித்தொகுதியில் ஜெயித்து நாற்காலியில் உட்கார்ந்ததுதான் குற்றம். தலையை அறுத்து எடுத்துக்கொண்டு போனார்கள். அந்த வழக்கில் ஆயுள் தண்டனை பெற்றவர்களில் 13 பேரை 2019 நவம்பரில் அரசு முன்கூட்டியே விடுதலை செய்தது. சொன்ன காரணங்களில் ஒன்று நன்னடத்தை. நன்னடத்தை! எவ்வளவு அறமான சொல். ராஜ் கௌதமன் பழைய சுவடிகளைத்தான் ஆராய்ந்தார் என்று நினைக்கிறவர்கள் அந்த அரசாணையை அவர் புத்தகத்துக்குப் பக்கத்தில் வைத்துப் படிக்கட்டும்.

4

இவ்வளவு சொல்லிவிட்டு மனக்குறைகளையும் சொல்லாவிட்டால் அது விமர்சனம் ஆகாது, அஞ்சலிக் கூட்டப் பேச்சாகிவிடும்.

முதல் குறை சின்னது. கணசமூகம், சீறூர் மன்னர், வேந்தர், அரசு என்று அவர் போடுகிற பெரிய சட்டகம் வலுவானது. ஆனால் அதற்குள் சில தனிக் குரல்கள் சிறுத்துப் போகின்றன. மலையமானின் பிள்ளைகளை யானைக் காலில் இட இருந்தபோது கோவூர்கிழார் குறுக்கே நின்று பாடினாரே, அது எதில் சேரும்? அதிகாரத்தின் பாட்டுக்குள்ளேயே அதிகாரத்தைக் கூசவைக்கிற குரல்கள் இருந்தன. வெண்ணிக் குயத்தியாரும் அப்படித்தான். எல்லாப் பாட்டும் அதிகாரத்துக்கு வேலை செய்தது என்று முடித்துவிட்டால், இன்றைக்கு நாம் எழுதுகிற பாட்டு மட்டும் எப்படித் தப்பிக்கும்?

இரண்டாவது குறைதான் பெரியது. அது அவரைவிட நம்மைப் பற்றியது.

அம்பேத்கர் நூற்றாண்டை ஒட்டித் தமிழில் தலித் எழுத்து பொங்கி வந்த காலத்தில் 'தலித் பண்பாடு' வெளிவந்தது. இழிவு என்று ஒதுக்கிய வழக்கங்களையே எதிர்ப்பண்பாட்டின் அடையாளமாக எடுத்துக்கொள் என்று அது நமக்குச் சொன்னது. மாட்டுக்கறியை ஒளித்துச் சாப்பிட்டவர்கள் மேடை போட்டுச் சாப்பிட்டோம். பறையை மேடையில் ஏற்றினோம். கெட்ட வார்த்தையைக் கவிதைக்குள் கொண்டுவந்தோம். என் தலைமுறைக்கு அது மூச்சுவிட இடம் கொடுத்தது. அந்தக் கடனை நான் மறுக்க மாட்டேன்.

ஆனால் கலகம் என்ற சொல்லை நாம் எடுத்த வேகத்தில் ஒன்றைப் பார்க்கத் தவறினோம். சாராயம் குடிப்பது மேல்சாதி ஒழுக்கத்துக்கு எதிரான கலகம் என்றால், குடித்துவிட்டு வீட்டுக்கு வருகிறவனின் கை எதற்கு எதிரான கலகம்? பெண்ணடிமைத்தனத்தைப் பற்றி ராஜ் கௌதமன் பேசாதவர் இல்லை. கற்பு என்கிற சொல்லாடலை அவர் விட்டுவைக்கவும் இல்லை. ஆனால் சங்கப் பாட்டில் வீரம் என்ற சொல்லைத் தூக்கி அதன் அடியில் யார் கிடக்கிறார்கள் என்று பார்த்த கண், கலகம் என்ற சொல்லை அதே கறாரோடு தூக்கிப் பார்க்கவில்லை என்பது என் வருத்தம். நாமும் பார்க்கவில்லை. நம்ம பையன்கள் இப்போது ஆண்ட பரம்பரை என்று போஸ்டர் அடித்து அதில் வாளையும் சிங்கத்தையும் போடுகிறார்கள். மீசை முறுக்குகிறார்கள். பெரியப்பாவை வெட்கப்பட வைத்த அந்த அளவுகோலை நாமே கடன் வாங்கி வந்து நடுவீட்டில் வைத்திருக்கிறோம்.

நான் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்த நாட்களில், லீவில் ஊருக்குப் போனபோது பெரியம்மாவிடம் அந்தப் பழைய அடிதடியைப் பற்றிக் கேட்டேன். அப்போது கேஸ் கொடுத்திருக்க வேண்டும் என்று வீராப்பாகப் பேசினேன். பெரியம்மா வெற்றிலையை மடித்துக்கொண்டே சொன்னது இது: "ஏம்ப்பா, அவனுக ஒங்க பெரியப்பன அடிச்சதுக்குக் கேசு போடணும்ங்கிற. செய்யவேண்டியதுதான். அந்தக் காயம் ஆறி எந்திரிச்சதும் இந்த மனுசன் என்னயப் போட்டு அடிச்சாரே, ஊருக்காரன்கிட்டக் காட்ட முடியாத கோவத்தையெல்லாம் ஏம் முதுகுல காட்டுனாரே, அதுக்கு எங்கப்பா போயிக் கேசு போடுறது? நீயும் அங்கிட்டுத்தான நின்ன?"

ஆமாம். நின்றேன். அப்போதும் எனக்கு வெட்கம் வரவில்லை.

5

இந்த இடத்தில் ராஜ் கௌதமனின் இன்னொரு பக்கத்தைச் சொல்ல வேண்டும். ஆய்வாளர் விட்ட இடத்தை நாவலாசிரியர் தொட்டிருக்கிறார். 'சிலுவைராஜ் சரித்திர'த்தில் (2002) வருகிற சிலுவை, பட்டாளத்துக்கார அப்பாவுக்கு முன்னால் நடுங்குகிற பையன். சாதியின் வன்முறை வெளியிலிருந்து மட்டும் வருவதில்லை, வீட்டுக்குள் அப்பாவின் குரலிலும் வருகிறது. வீரம், தன்மானம் என்று நெஞ்சு நிமிர்த்தாமல், தன்னையே கிண்டல் பண்ணிக்கொண்டு எழுதுகிற அந்தத் தொனி எனக்குப் பெரிய விஷயமாகத் தெரிகிறது. அந்த நாவலில் யாரும் நெஞ்சுப் புண்ணுக்கு ஆசைப்படுவதில்லை. தலித் ஆண் தன்னைத் தானே வீரனாக எழுதிக்கொள்ள மறுப்பதும் ஓர் அரசியல்தான்.

அவருடைய தங்கை பாமா அதற்கு முன்பே 1994இல் 'சங்கதி'யில் இந்தக் கணக்கை நேராக எழுதிவிட்டார். வயலில் ஒரு அடி, வீட்டில் ஒரு அடி என்று வாழ்கிற பெண்களின் பேச்சு அது. அதில் வருகிற ராக்கம்மா, அடிக்கிற புருஷனைத் தெருவில் நின்று வாய்க்கு வந்தபடி வைகிறாள். கூடி நின்று வேடிக்கை பார்க்கிறவர்கள் முகம் சுளிக்கிறார்கள். அவளுக்கோ அந்த வசவுதான் தடுப்பு, அதுதான் ஆயுதம். 'தலித் பண்பாடு' கலகம் என்று பெயர் வைத்த அதே பச்சையான பேச்சு இங்கே நம்ம தெரு ஆணுக்கு எதிராகத் திரும்புகிறது. இரண்டு புத்தகத்தையும் சேர்த்துப் படித்தால்தான் கலகம் என்ற சொல் முழுசாகும் என்று நான் நினைக்கிறேன். அண்ணனை ஆய்வுக்கும் தங்கையை அனுபவத்துக்கும் என்று பிரித்து வைத்துப் படிக்கிற நம் கருத்தரங்கப் பழக்கத்தை முதலில் விட வேண்டும்.

ராஜ் கௌதமன் கொடுத்த கருவி நல்ல கருவி. எந்தப் புகழ்ச் சொல்லைக் கேட்டாலும் அதற்கு அடியில் யாருடைய உடம்பு கிடக்கிறது என்று பார்ப்பதுதான் அது. வீரத்துக்கும் அறத்துக்கும் நன்னடத்தைக்கும் அதை அவரே பயன்படுத்தலாம் என்று காட்டிவிட்டார், அல்லது காட்டும் வழியைத் தந்துவிட்டார். கலகம், தன்மானம், ஆண்ட பரம்பரை இவற்றுக்கும் அதைப் பயன்படுத்த வேண்டியது நம் வேலை. அதை அவருக்கு எதிரான வேலையாக நான் நினைக்கவில்லை.

நானும் இப்போது வாத்தியார்தான். போன வருஷம் அந்தக் கிழவியின் பாட்டை நடத்தினேன். வழக்கமாகச் சொல்கிறதைச் சொல்லவில்லை. முதுகில் புண்ணோடு அந்த மகன் உயிரோடு திரும்பி வந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று கேட்டேன். வகுப்பு சும்மா இருந்தது. பின்பெஞ்சில் ஒரு பிள்ளை எழுந்து, "அம்மா மருந்து போட்டிருப்பாங்க சார்" என்றது. சில பேர் சிரித்தார்கள். நான் சிரிக்கவில்லை.

பெரியப்பா போய்ச் சேர்ந்து ரொம்ப நாள் ஆயிற்று. பெரியம்மா இருக்கிறார். இந்தக் கட்டுரையை அவருக்குப் படித்துக் காட்டப் போகிறேன். அவர் என்ன சொல்கிறாரோ அதையும் சேர்த்துத்தான் இது முடியும். தோழர்களும் எழுதுங்கள். முக்கியமாகப் பெண் தோழர்கள் எழுதுங்கள்.